காதில் மாட்டிக்கொண்டால் ஆள் தனியாகிவிடுகிறாரா? வாக்மேனிலிருந்து மெமரி கார்டு வரை

நாடாச்சுருள் எழுதியது (இழையைத் தொடங்கியவர்):

வாக்மேன் என்பது கையடக்கக் கேசட் பிளேயர். 1979 ஜூலை 1 அன்று சோனி நிறுவனம் ஜப்பானில் விற்பனைக்கு விட்ட முதல் வாக்மேனில் ஹெட்போன் சொருக இரண்டு துளைகள் உண்டு. பக்கத்தில் ஆரஞ்சு நிறத்தில் ஒரு பொத்தானும் உண்டு. அதை அழுத்தினால் பாட்டின் சத்தம் இறங்கும். உள்ளே இருக்கும் சின்ன மைக் வழியாக, கேட்கிற இருவரும் ஹெட்போனைக் கழற்றாமலே பேசிக்கொள்ளலாம். சோனியின் தலைவர் அகியோ மொரிட்டா அதை வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சோதித்துப் பார்த்தபோது மனைவிக்கு எரிச்சல் வந்ததாம், தன்னை வெளியே தள்ளிக் கதவைச் சாத்தியது போல இருந்ததாம். ஒருவர் மட்டும் தனியாகக் கேட்பது மரியாதை இல்லை என்று மொரிட்டா நினைத்தார். இரண்டாவது துளை வந்தது அப்படித்தான்.

மக்கள் அவர் நினைத்தபடி நடக்கவில்லை. வாங்கியவர்கள் தனக்கு ஒன்று, துணைக்கு ஒன்று என்று தனித்தனியாக வாங்கினார்கள். பிறகு வந்த மாடல்களில் அந்த ஆரஞ்சுப் பொத்தான் காணாமல் போனது. பத்திரிகைக்காரர்கள் பேட்டி எடுக்க வைத்திருந்த பிரஸ்மேன் என்ற சின்ன ரெக்கார்டரிலிருந்து ஸ்பீக்கரையும் பதிவு செய்யும் வசதியையும் எடுத்துவிட்டுத்தான் வாக்மேனைச் செய்தார்கள். பதிவே செய்யாத டேப்ரெக்கார்டரை யார் வாங்குவார்கள் என்று நிறுவனத்துக்குள்ளேயே சந்தேகப்பட்டார்கள். விலை 33,000 யென். முதலில் செய்த 30,000 பெட்டிகளும் ஆகஸ்ட் முடிவதற்குள் தீர்ந்துவிட்டன.

பயமும் கூடவே வந்தது. அமெரிக்காவில் நியூ ஜெர்சி மாநிலத்தின் வுட்பிரிட்ஜ் என்ற ஊரில், ஹெட்போன் மாட்டிக்கொண்டு சாலையைக் கடக்கக் கூடாது என்று 1982-இல் சட்டமே போட்டார்கள். மீறினால் 50 டாலர் அபராதம், இல்லையென்றால் 15 நாள் சிறை. வெளிப்படையாகச் சொன்ன காரணம் விபத்து. ஆனால் அன்றைய பேச்சுகளைப் படித்தால், நம் பக்கத்திலேயே நடந்து போகிறவர் நம்மோடு இல்லை என்கிற உறுத்தல்தான் அதிகம் தெரிகிறது.

நம் வீடுகளில் கதை வேறு என்பது என் எண்ணம். தனி அறை என்பது நம்மில் பலருக்குக் கல்யாணம் ஆகும்வரை கிடைக்காத ஒன்று, அதற்குப் பிறகும் எல்லோருக்கும் கிடைப்பதில்லை. கூடத்தில் வரிசையாகப் பாய் விரித்துப் படுக்கிற வீட்டில், பாட்டுப்பெட்டியை மாட்டிக்கொண்ட பிள்ளைக்குத் தனக்கென்று முதன்முதலாக ஓர் இடம் கிடைத்தது. எதைக் கேட்பது, எப்போது நிறுத்துவது, எந்தப் பாட்டை நான்கு தடவை கேட்பது, எல்லாம் அந்தப் பிள்ளையே முடிவு செய்தது. 'நான் இந்த மாதிரி ஆள்' என்பது பலருக்கு அங்கேதான் தொடங்கியது என்று நம்புகிறேன். அதனால் 'காதில் மாட்டிக்கிட்டா யாரும் வேண்டாம்' என்று பெரியவர்கள் சொல்லும்போது எனக்கு ஒப்புவதில்லை.

உங்கள் வீட்டில், ஊரில், வேலை செய்கிற இடத்தில் எப்படி இருந்தது, இப்போது எப்படி இருக்கிறது? நீளமாகவே எழுதுங்கள்.

கடைசி_நடை எழுதியது:

நான் தனியார் பேருந்தில் நடத்துநர். நீங்கள் சொல்வதை முழுசாக ஏற்க முடியவில்லை சார்.

கரூர், திண்டுக்கல், பொள்ளாச்சிப் பக்கம் பாட்டுக்காகவே வண்டி பார்த்து ஏறுகிறவர்கள் இருந்தார்கள். முன்னால் ஒரு வண்டி நிற்கும், உட்கார இடமும் இருக்கும். 'அடுத்த வண்டியில பாட்டு நல்லா இருக்கும்' என்று வெயிலில் நிற்பார்கள். எங்கள் டிரைவர் அண்ணன் சீட்டுக்கு மேலே கேசட் வைக்க மரத்தில் தட்டு அடித்திருந்தார். முதல் நடைக்கு சாமிப் பாட்டு. கல்லூரிப் பிள்ளைகள் ஏறும் நடைக்குப் புதுப் படப் பாட்டு. மத்தியானம் கூட்டம் குறைந்து எல்லோரும் சாய்ந்து உட்காரும் நேரத்துக்கு இளையராஜா. கடைசி நடைக்கு எம்.எஸ்.வி., கே.வி.மகாதேவன். பிடித்த பாட்டு ஓடும்போது இறங்கும் இடம் வந்துவிட்டால், படியில் நின்று அந்தச் சரணம் முடிகிற வரைக்கும் இறங்காமல் என்னிடம் திட்டு வாங்கியவர்கள் உண்டு.

இன்றைக்கு வண்டி நிறைய ஆள், ஒவ்வொருவர் காதிலும் ஒரு பாட்டு. 'டிக்கெட்' என்று கத்தினால் கேட்பதில்லை. ஆண்கள் என்றால் தோளைத் தொடுவேன். பெண் பிள்ளைகள் என்றால் சில்லறையால் கம்பியைத் தட்டுவேன், அந்த அதிர்வில் நிமிர்ந்து பார்ப்பார்கள். முன்பெல்லாம் உட்கார்ந்தவுடன் பக்கத்துச் சீட்டுக்காரர் 'எங்க இறங்கணும்' என்று கேட்டு வைத்துக்கொள்வார், தூங்கிவிட்டால் எழுப்பிவிடுவார். அந்தக் கேள்வியே இப்போது வண்டியில் காதில் விழுவதில்லை. நிறுத்தம் தாண்டிப் போய் எழுந்து என்னிடம் சண்டைக்கு வருகிறார்கள். எனக்கு இது பெரிய இழப்பாகத்தான் தெரிகிறது.

ஒற்றைக்_காது எழுதியது:

நடத்துநர் அண்ணா, உங்கள் வண்டியில் பாட்டுக் கேட்டவர்கள் ஐம்பது பேர் என்றால் பாட்டைத் தேர்ந்தெடுத்தவர் ஒருவர்தானே. எங்கள் வீட்டிலும் அதேதான். ரேடியோவும் டேப்ரெக்கார்டரும் சேர்ந்த டூ-இன்-ஒன் பெட்டி அப்பாவுடையது. அவர் போட்டதை நாங்கள் கேட்டோம். அண்ணன் பெரியவனானதும் அவன் போட்டதைக் கேட்டோம். அம்மாவுக்கு என்ன பாட்டுப் பிடிக்கும் என்று அந்த வீட்டில் யாரும் கேட்டதில்லை, நானும் வளர்ந்த பிறகுதான் தெரிந்துகொண்டேன்.

2006-இல் ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா தொழிற்சாலை தொடங்கியது. அதைச் சுற்றி வந்த கம்பெனிகளில் வேலைக்குப் போன கிராமத்துப் பெண்களில் நானும் ஒருத்தி. ஹாஸ்டலில் ஒரு அறைக்கு ஆறு பேர். பகல் ஷிப்ட் முடிந்து வருகிறவள் பேச ஆசைப்படுவாள், நைட் ஷிப்ட் முடித்தவள் தூங்க வேண்டும். சத்தமாகப் பாட்டுப் போட வழியே இல்லை. சம்பளத்தில் மிச்சம் பிடித்து, மெமரி கார்டு போடுகிற செல் ஒன்று வாங்கினேன். என் பெயருக்கு வாங்கிய முதல் பொருள் அது.

கம்பெனி பஸ்ஸில் இரண்டு பேருக்கு ஒரு ஹெட்செட். வலது காது எனக்கு, இடது காது பக்கத்தில் இருப்பவளுக்கு. இளையராஜாவின் ஸ்டீரியோ பாட்டுகளை அப்படிக் கேட்டவர்களுக்குத்தான் இது தெரியும்: எனக்கு வயலின் கூட்டம் கேட்கும், அவளுக்கு கிடார் கேட்கும். நான் தலையாட்டுகிற இடத்தில் அவள் சும்மா இருப்பாள். 'உனக்கு இந்த இடத்துல ஒண்ணுமே வரலையா' என்று கேட்டுவிட்டுக் காதை மாற்றிக்கொள்வோம், பாட்டை மறுபடி முதலிலிருந்து போடுவோம். யாருக்கு அந்த இன்னொரு காதைத் தருகிறோம் என்பது அந்த அறையில் எல்லோரும் கவனிக்கிற விஷயம். சண்டை போட்டால் முதலில் நிற்பது அதுதான். சமாதானம் ஆகும்போது பேச்செல்லாம் கிடையாது, ஒரு முனையை எடுத்து நீட்டுவாள், அவ்வளவுதான்.

கல்யாணம் ஆகிப் புகுந்த வீட்டுக்குப் போனபோது அங்கே நிலைமை வேறு. அடுப்படியில் ஹெட்செட் போட்டால் 'கூப்பிட்டா காதுல விழாத மாதிரி மாட்டிக்கிறா' என்று பேச்சு. அதே வீட்டில் அவர் வேலை முடிந்து வந்து மாட்டிக்கொண்டு படுத்தால் 'பையன் அலுத்து வந்திருக்கான், எழுப்பாதீங்க'. கருவி ஒன்றுதான், அதை மாட்டிக்கொள்கிற உரிமைதான் ஆளுக்கு ஆள் மாறுகிறது. இன்றும் பாத்திரம் துலக்கும்போது ஒரு காதில் மட்டும்தான் போடுகிறேன், இன்னொரு காது வீட்டுக்கு. எனக்குத் தெரிந்த பெண்கள் பாதிப் பேர் அப்படித்தான் கேட்கிறார்கள். இந்த இழையைத் தொடங்கியவர் சொன்ன 'தனக்கென்று ஓர் இடம்' எங்களுக்குக் கிடைத்தது பாதிதான்.

வல்லைவெளி எழுதியது:

வணக்கம். யாழ்ப்பாணத்துக் கதை ஒன்று சொல்ல இருக்கிறது.

1990-க்குப் பிறகு போரால் எங்களுக்கு மின்சாரம் இல்லை. அரசாங்கத்தின் பொருளாதாரத் தடையில் பற்றரியும் தடைப்பட்ட சாமான். கள்ளமாக வந்தால் யானை விலை. வெளிநாட்டில் இருந்து மாமா கொடுத்துவிட்ட வோக்மன் ஒன்று வீட்டில் இருந்தது, பற்றரி இல்லாமல் அது அலுமாரிக்குள்ளேயே கிடந்தது.

நாங்கள் சைக்கிளைக் கவிழ்த்து நிற்பாட்டி, பெடலைக் கையால் சுற்றி, டைனமோவில் இருந்து வயர் இழுத்து றேடியோவுக்கும் கசற் றெக்கோடருக்கும் கரண்ட் எடுத்தோம். டைனமோவில் வருவது ஏசி. அதை டிசி ஆக்க இடையில் டயோட்டும் கப்பாசிற்றரும் போட வேண்டும். அந்த வேலை தெரிந்த ஒரு அண்ணா ஒவ்வொரு ஒழுங்கையிலும் (சந்திலும்) இருந்தார். ஒருவர் சுற்ற, மற்றவர்கள் சுற்றிவர இருந்து கேட்போம். சுற்றுகிறவருக்குக் கை உளைந்தால் பாட்டு இழுபடும், பாடுகிறவரின் குரல் தடித்துக்கொண்டு போகும். 'டேய், விடாமல் சுத்தடா' என்று எல்லாரும் கத்துவோம். சுற்றுகிறவர் களைத்து மாறும்போது அடுத்த பாட்டு எது என்று அவர்தான் சொல்லலாம், அது எங்கள் ஒழுங்கைச் சட்டம். இரவு பிபிசி தமிழோசை வானொலி போகிற நேரம் மட்டும் யாரும் பாட்டுக் கேட்பதில்லை. அந்த நேரம் அக்கம்பக்கத்து ஆட்கள் எல்லாம் எங்கள் முற்றத்தில்தான்.

தனியாகப் பாட்டுக் கேட்கிற சுகம் அந்த வருசங்களில் பற்றரி வாங்க முடிந்த ஒருசிலருக்கே கிடைத்தது. எங்களுக்குப் பாட்டு என்றால் ஒருவர் கை நோக வேண்டும், நாலு பேர் அருகில் இருக்க வேண்டும். ஆகவே இந்தக் கருவி ஆளைத் தனியாக்குகிறது, இல்லை சேர்க்கிறது என்று பொதுவாகச் சொல்வது சரியாக வராது. கரண்ட் எங்கே இருந்து வருகிறது, ஒரு வீட்டில் எத்தனை பெட்டி இருக்கிறது, அதைப் பார்த்துத்தான் சொல்லலாம்.

இப்போது கனடாவில் இருக்கிறேன். பனிக்காலத்தில் பஸ் தரிப்பில் பத்துப் பேர் நிற்போம், எல்லாருடைய காதிலும் ஏதோ ஒன்று. என்னுடைய காதில் நல்லூர்த் திருவிழா நாதஸ்வரமும் தவிலும். வேலைக்குப் போகும் வழியில் அதைக் கேட்டுவிட்டுப் போனால்தான் அந்த நாள் முழுக்க ஆங்கிலத்தில் பேச எனக்குத் தெம்பு இருக்கிறது.

நாடாச்சுருள் எழுதியது:

வல்லைவெளி, நன்றி. 'சுற்றுகிறவருக்கு அடுத்த பாட்டு' என்ற சட்டம் என் மனதை விட்டுப் போகாது. அந்த அண்ணாக்கள் டயோட்டை எங்கிருந்து பிடித்தார்கள்?

வல்லைவெளி எழுதியது:

பழுதான றேடியோக்களில் இருந்து கழற்றியதுதான். ஒன்றையும் எறிய மாட்டோம்.

அறந்தாங்கி_கார்டு_கடை எழுதியது:

ஒற்றைக்காது அக்கா எழுதியதைப் படித்ததும் நானும் எழுத வேண்டும் என்று தோன்றியது. அப்பா ரெக்கார்டிங் சென்டர் வைத்திருந்தார். அதே கடையில்தான் நான் செல்போன் சர்வீஸ் போட்டேன். இரண்டு காலத்தையும் கவுண்டருக்கு உள்ளே இருந்து பார்த்தவன்.

அப்பா காலத்தில் வாடிக்கையாளர் நோட்டுப் பேப்பரில் பாட்டு வரிசை எழுதிக்கொண்டு வருவார். 60 நிமிட கேசட் என்றால் ஒரு பக்கத்துக்கு அரை மணி நேரம், ஆறு பாட்டு, நெருக்கிப் பிடித்தால் ஏழு. வாக்மேன் வைத்திருப்பவர்கள் 90 கேட்டால் அப்பா வேண்டாம் என்பார். 90-இல் நாடா மெல்லிசாக இருக்கும், சின்ன மெஷினில் சுற்றிக்கொண்டு சிக்கும். ஆக மொத்தம் பன்னிரண்டு பாட்டு. எழுதி, அடித்து, மேலே ஒன்றைச் சேர்த்து, அம்புக்குறி போட்டு வரிசையை மாற்றியிருப்பார்கள். சில பேப்பரில் ஏழாவது பாட்டுக்கு இடம் விட்டு 'அண்ணே, இதுக்கு ஏத்த மாதிரி நீங்களே ஒண்ணு போடுங்க' என்று எழுதியிருக்கும். அப்பா அதற்கு ஒரு மணி நேரம் யோசிப்பார். ஆளையும் யோசிப்பார், பாட்டையும் யோசிப்பார். பரிசாகக் கொடுக்கிற கேசட் என்றால் இன்னும் கவனம். ஏ பக்கம் முழுக்கக் காதல், பி பக்கம் முதல் பாட்டே சோகம் என்று ஒரு பையன் எழுதிக்கொண்டு வந்தால் 'ஏம்ப்பா, இப்பவே ஏன் பயமுறுத்துறே' என்று வரிசையை மாற்றிக் கொடுத்திருக்கிறார்.

என் காலம் மெமரி கார்டு. இரண்டு ஜிபி கார்டில் நானூறு பாட்டு வரும். 'என்ன பாட்டு வேணும்' என்று கேட்டால் 'எல்லாத்தையும் போடுங்க' என்பார்கள். ஆனால் ஒரு வாரத்தில் திரும்பி வருவார்கள், 'இதெல்லாம் எடுத்துட்டு அது மட்டும் இருக்கட்டும்' என்று. ஆள் யார் என்பது அப்போதுதான் தெரியும். லாரி ஓட்டுகிறவர்கள் இரவு ஓட்டத்துக்கு ஒரு ஃபோல்டர், வீட்டுக்குத் திரும்பும்போது கேட்க ஒரு ஃபோல்டர் என்று பிரித்துக் கேட்பார்கள். வயசானவர்கள் எம்.ஜி.ஆர். தத்துவப் பாட்டு, சிவாஜி சோகப் பாட்டு என்று நடிகர் பெயரைச் சொல்லித்தான் கேட்பார்கள். கல்லூரிப் பையன் ஃபோல்டருக்குப் பெயராகத் தன் பெயரின் முதல் எழுத்தையும் இன்னொரு எழுத்தையும் சேர்த்துப் போடச் சொல்வான். அந்த இன்னொரு எழுத்து யாருடையது என்று நான் கேட்டதில்லை.

ஒரு அம்மா வருவார்கள், பூ கட்டி விற்கிறவர்கள். மகன் பழைய செல்லைக் கொடுத்திருந்தான். கந்த சஷ்டி கவசம், மாரியம்மன் தாலாட்டு, அய்யப்பன் பாட்டு என்று சொல்லிக்கொண்டே வந்து, கடையில் வேறு ஆள் இல்லாத நேரம் பார்த்து மெதுவாக, 'தம்பி, அந்த ஜெமினி கணேசன் பாட்டு இருக்கே, அதுல ஒரு பத்து, சாமிப் பாட்டுக்கு அடியில போட்டு வை' என்றார்கள். ஒற்றைக்காது அக்கா தன் அம்மாவைப் பற்றி எழுதிய இடத்தில் எனக்கு இவர்கள் ஞாபகம்தான் வந்தது. அறுபது வயசில் அவர்களுக்குப் பிடித்ததை முதன்முதலில் கேட்டுத் தெரிந்துகொண்டவன் கார்டு ஏற்றுகிற பையன்.

அந்தக் கவுண்டரில் ஊரில் யாருக்கு என்ன பாட்டு என்பது தெரியும். அதை வெளியே பேசக் கூடாது என்று அப்பா சொல்லியிருந்தார், நானும் பேசியதில்லை.

பதிப்புரிமை_முக்கியம் எழுதியது:

உணர்ச்சியாக இருக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்த நானூறு பாட்டில் ஒன்றுக்காவது இசையமைப்பாளருக்கோ பாடலாசிரியருக்கோ வயலின் வாசித்தவருக்கோ காசு போனதா? நம் அடையாளத்தை அவர்கள் உழைப்பில் இலவசமாகக் கட்டிக்கொண்டோம் என்பதையும் சேர்த்துப் பேச வேண்டும்.

ஒற்றைக்_காது எழுதியது:

நியாயமான கேள்வி. மாதச் சம்பளத்தில் ஊருக்கு அனுப்பியது போக மிச்சம் இருந்ததில், முறையாக வாங்க எங்களுக்கு எட்டுகிற விலையில் கடை இருந்திருந்தால் வாங்கியிருப்போம். செல்லில் பாட்டை முறையாக விற்கிற வழி எங்களை மாதிரி ஆட்கள் வரைக்கும் வந்து சேர ரொம்ப வருடம் ஆனது. வந்தபோது வாங்கினோம். இப்போது மாதச் சந்தா கட்டித்தான் கேட்கிறேன்.

கடைசி_நடை எழுதியது:

தங்கச்சி, 'தேர்ந்தெடுத்தவர் ஒருவர்தானே' என்று கேட்டது சரியான கேள்வி. டிரைவர் அண்ணனின் தட்டில் இருந்த கேசட்டுகளை யோசித்துப் பார்க்கிறேன், பெண்கள் யாரும் கேட்டு அவர் போட்டதாக ஞாபகம் இல்லை. கேட்கவும் மாட்டார்கள்.

இன்னொரு பக்கமும் இருக்கிறது. செல்போனில் ஸ்பீக்கர் பெரிதாக வந்த காலத்தில், சைனா செட் என்போமே, பையன்கள் தங்கள் சாதிப் பெருமைப் பாட்டைச் சத்தமாகப் போட்டுக்கொண்டு ஏறுவார்கள். அடுத்த நிறுத்தத்தில் வேறு ஆட்கள் ஏறுவார்கள். பாட்டு மாறாது, சத்தம் மட்டும் கூடும். வண்டியை ஓரம் கட்டி நிறுத்தி, இறங்கிப் பேசிச் சமாதானம் செய்து கிளப்பியிருக்கிறோம். 'ஹெட்செட்ல கேளு தம்பி' என்றால் கேட்க மாட்டார்கள், ஏனென்றால் அவர்களுக்கு வேண்டியது பாட்டுக் கேட்பது இல்லை, அடுத்தவரைக் கேட்க வைப்பது. கர்நாடகத்தில் 2021-இல் அரசுப் பேருந்துக்குள் செல்போனில் சத்தமாகப் பாட்டுப் போடக் கூடாது என்று உயர் நீதிமன்றம் வரைக்கும் போய் உத்தரவு வந்தது. எந்தப் பாட்டாக இருந்தாலும் வண்டிக்குள் காற்று எல்லோருக்கும் பொது.

அதனால் நான் இப்போது இப்படிச் சொல்கிறேன். காதில் மாட்டுவதில் தப்பில்லை. ஏறியவுடன் ஒரு தடவை கழற்றி, எங்கே இறங்க வேண்டும் என்று பக்கத்தில் ஒருவரிடம் சொல்லிவிட்டு மாட்டிக்கொள்ளுங்கள். எங்கள் வேலை பாதி குறையும், உங்கள் நிறுத்தமும் தப்பாது.

பாலைவன_ஷிப்ட் எழுதியது:

சவூதி அரேபியாவில் தம்மாம் நகரத்து லேபர் கேம்ப்பில் இருந்தவன். இரும்புக் கட்டில், மேலே ஒருவர் கீழே ஒருவர், ஒரு அறையில் நாலு நாட்டு ஆட்கள், நாலு மொழி. கட்டிலைச் சுற்றி வேட்டியையோ போர்வையையோ கட்டி மறைப்போம். கண்ணுக்கு மறைப்பு அது. சத்தத்துக்கு மறைப்பு வாக்மேன். சம்பளம் வந்ததும் முதலில் வாங்கியது அதுதான், ஊருக்கு வரும்போது எல்லோரும் கேட்டதும் அதுதான்.

ஆனால் எங்கள் கேம்ப்பில் அதைவிட மதிப்பு, பதிவு செய்கிற டேப்ரெக்கார்டருக்கு. போன் பேசக் காசு கட்டாது. கடிதம் எழுதத் தெரியாதவர்கள் நிறையப் பேர். அதனால் கேசட்டில் பேசி, ஊருக்குப் போகிற ஆளிடம் கொடுத்து அனுப்புவோம். வீட்டிலிருந்தும் அப்படியே வரும். அம்மா பேசுவார்கள், பின்னால் கோழி கத்தும், தெருவில் ஐஸ்காரன் மணி அடிப்பான், தங்கச்சி பிள்ளையை 'மாமாவுக்கு ரைம்ஸ் சொல்லு' என்று வற்புறுத்துவாள், அது சொல்லாமல் அழும். அந்தக் கேசட்டை வாக்மேனில் போட்டுத்தான் கேட்பேன், ஏனென்றால் அறையில் எல்லோர் முன்னாலும் கேட்டால் அழ முடியாது. நான் அழுதது யாருக்கும் தெரியாமல் இருக்க வாக்மேன் எனக்கு உதவியது. அது சமூகத்தை விட்டு விலகுவது என்றால், நான் அந்த அறையை விட்டு விலகி என் வீட்டுக்குப் போனேன்.

அதே மாதிரி வீட்டுக் கேசட்டுகளை வைத்திருந்த மலையாளிகளும் அப்படித்தான். போர்வைக்குப் பின்னால் ஒருவர் ரொம்ப நேரம் அசையாமல் இருந்தால் வீட்டுக் கேசட் ஓடுகிறது என்று புரிந்துகொண்டு, லைட்டை அணைத்துவிட்டு வெளியே போவோம். யாரும் சொல்லிக்கொடுத்ததில்லை.

ஷஃபிள் எழுதியது:

எனக்கு 19 வயசு, இன்ஜினியரிங் ஹாஸ்டல். பெரியவர்கள் எல்லோரும் எழுதியதைப் படித்துவிட்டுச் சொல்கிறேன். உங்களுக்குப் பாட்டுக் கிடைப்பது கஷ்டம், அதனால் தேர்ந்தெடுத்தது எல்லாம் உங்களுடையது. எங்களுக்குப் பாட்டு தானாக வருகிறது. ஒன்று முடிந்தால் அடுத்ததை ஆப் போடுகிறது. வருடக் கடைசியில் நான் யாரை எத்தனை நிமிடம் கேட்டேன் என்று ஸ்பாட்டிஃபை அட்டை போட்டுத் தருகிறது, எல்லோரும் ஸ்டேட்டஸ் வைக்கிறோம். என் நண்பன் ஒருவன் அதற்காகவே டிசம்பருக்கு முன்னாடி தனக்குப் பிடிக்காத, ஆனால் மரியாதையான பாட்டுகளை ஓடவிட்டான். இரவில் தனியாக அவன் கேட்பது கானா. அதைப் போட்டால் ஹாஸ்டலில் தன்னை எந்த ஏரியா என்று முடிவு கட்டிவிடுவார்கள் என்று பயம். அவன் பயம் பொய்யில்லை, அப்படிப் பேசுகிறவர்கள் இருக்கிறார்கள்.

கார்டுக் கடை அண்ணா வெளியே பேச மாட்டார். ஆப் பேசிவிடும். எனக்கு இருக்கிற வித்தியாசம் இதுதான்.

நாடாச்சுருள் எழுதியது:

ஷஃபிள் தம்பி, இந்த இழையிலேயே எனக்கு அதிகம் உறுத்திய பதிவு உன்னுடையது.

1998-இல் வந்த முதல் எம்பி3 பெட்டிகளில் 32 எம்பிதான் இடம், அரை மணி நேரப் பாட்டு. கேசட்டின் ஒரு பக்கம் அளவு. 2001 அக்டோபரில் ஆப்பிள் நிறுவனத்தின் ஐபாட் வந்தபோது 5 ஜிபி, ஆயிரம் பாட்டு பாக்கெட்டில் என்று விளம்பரம் செய்தார்கள். அந்த இடத்தில்தான் ஏதோ மாறியது என்று நினைக்கிறேன். பன்னிரண்டு பாட்டுக்காரர் எதை விடுவது என்று தவித்தார். ஆயிரம் பாட்டுக்காரருக்கு அந்தத் தவிப்பு இல்லை. அதே சமயம் ஐபாடோடு அந்த வெள்ளை ஹெட்போன் வயர் வந்தது. ரயிலில் எதிரே இருப்பவர் என்ன கேட்கிறார் என்று தெரியாது, எதில் கேட்கிறார் என்பது மட்டும் தூரத்திலிருந்தே தெரியும். பாட்டு மறைந்து, பெட்டி அடையாளம் ஆன காலம் அது. இங்கிலாந்தில் மைக்கேல் புல் என்ற ஆய்வாளர் வாக்மேன், ஐபாட் மாட்டிக்கொண்டு நகரத்தில் நடப்பவர்களிடம் வருடக்கணக்கில் பேசி எழுதியவர். தன் நேரத்தையும் மனநிலையையும் தன் கையில் வைத்துக்கொள்ள அவர்களுக்கு அது தேவைப்பட்டது என்பது அவர் எழுத்தில் திரும்பத் திரும்ப வருகிறது. உன் நண்பன் கையில் அது இல்லை. கேட்பதும் அவன்தான், கேட்டதற்குக் கணக்குச் சொல்ல வேண்டியவனும் அவன்தான் என்றால், நான் முதல் பதிவில் பெருமையாகச் சொன்ன அந்தத் தனி இடத்துக்கு ஜன்னல் வைத்துவிட்டார்கள்.

அவனிடம் இரண்டு விஷயம் சொல். அந்த ஆப்பில் 'தனிப்பட்ட முறையில் கேட்க' என்ற வசதி இருக்கிறது, போட்டுக்கொள்ளட்டும். இரண்டாவது, கானாவைக் கேவலம் என்று சொல்கிறவன் சென்னையைப் பற்றி ஒன்றும் தெரியாதவன். நீயாவது அவனோடு உட்கார்ந்து சத்தமாகக் கேள்.

ஷஃபிள் எழுதியது:

நேற்று கேட்டோம். பக்கத்து அறையிலிருந்து இரண்டு பேர் வந்தார்கள். ஒருத்தன் பக்கெட்டைக் கவிழ்த்துப் போட்டுத் தாளம் போட்டான்.

செவி_பரிசோதனை எழுதியது:

நான் காது கேட்கும் திறனைச் சோதிக்கும் வேலையில் இருக்கிறேன், ஒரு விஷயம் மட்டும் சொல்லிவிட்டுப் போகிறேன். உலக சுகாதார நிறுவனம் சொல்லும் அளவு, 80 டெசிபெல் சத்தத்தில் வாரத்துக்கு 40 மணி நேரம். 90 டெசிபெல் என்றால் அதே காது தாங்குவது வாரத்துக்கு 4 மணி நேரம்தான். பேருந்து, ரயில், தொழிற்சாலைப் பக்கம் இருப்பவர்கள் வெளிச் சத்தத்தை அமுக்குவதற்காகப் பாட்டை ஏற்றுகிறார்கள், கெடுதல் அங்கேதான். ஒற்றைக்காது அக்கா மாதிரி ஒரு காதில் மட்டும் கேட்கிறவர்களும் சத்தம் போதவில்லை என்று கூட்டிவைப்பார்கள். காதை அடிக்கடி மாற்றிக்கொள்ளுங்கள், அளவைப் பாதிக்கு மேல் ஏற்றாதீர்கள். கேட்டு முடித்தபின் காதில் 'ஙொய்' என்று இரைச்சல் நின்றால் அன்றைக்குப் போதும் என்று அர்த்தம்.

பாலைவன_ஷிப்ட் எழுதியது:

கார்டுக் கடை தம்பிக்கு ஒரு கேள்வி. நான் சொன்ன வீட்டுக் கேசட்டுகள் ஒரு பிஸ்கட் டின்னில் இருக்கின்றன. அம்மா இப்போது இல்லை. என் வாக்மேன் சுற்றுகிறது, ஆனால் குரல் ஆடுகிறது. பேரப்பிள்ளைகளுக்குப் போனில் ஏற்றித் தர வேண்டும். எங்கே கொடுப்பது? அனுப்பிவைக்கப் பயமாக இருக்கிறது.

அறந்தாங்கி_கார்டு_கடை எழுதியது:

யாருக்கும் அனுப்பாதீங்க அண்ணே, வீட்டிலேயே செய்யலாம். முதல் வேலை, ஒவ்வொரு கேசட்டின் மேல் விளிம்பிலும் இரண்டு சின்னப் பிளாஸ்டிக் பட்டை இருக்கும், அதை ஒடித்துவிடுங்கள். அப்புறம் எந்த டேப்ரெக்கார்டரில் போட்டாலும் அதன் மேல் தெரியாமல் பதிவாகாது.

குரல் ஆடுவதற்குக் காரணம் பெரும்பாலும் உள்ளே இருக்கும் ரப்பர் பெல்ட் தளர்ந்து போனதுதான். அதே அளவு பெல்ட் கிடைக்கும், பழைய டேப்ரெக்கார்டர் சர்வீஸ் செய்கிறவர் யாராவது பத்து நிமிடத்தில் மாட்டித் தருவார். நீங்கள் பக்கத்திலேயே இருங்கள். ஹெட்டைப் பஞ்சில் ஸ்பிரிட் தொட்டுத் துடைக்கச் சொல்லுங்கள், முழுசாகக் காய்ந்த பிறகுதான் கேசட் போட வேண்டும்.

ரொம்ப வருடம் ஓடாத கேசட்டை நேராகப் போட்டு ஓட்டாதீங்க. முதலில் ஒரு தடவை முன்னால் கடைசி வரைக்கும், ஒரு தடவை பின்னால் முழுக்கச் சுற்றுங்கள், ஒட்டியிருக்கும் நாடா பிரியும். பிறகு ஹெட்போன் துளையிலிருந்து கம்ப்யூட்டரின் மைக் துளைக்கு இரண்டு பக்கமும் ஒரே முனை உள்ள வயர் ஒன்று போதும். வாக்மேன் சத்தத்தைப் பாதியில் வையுங்கள், கூட்டினால் குரல் உடையும். அடாசிட்டி என்று இலவச சாஃப்ட்வேர் இருக்கிறது, அதில் ரெக்கார்டு அழுத்திவிட்டு முழுப் பக்கமும் ஓட விடுங்கள். பேச்சு இல்லாத இடத்தையும், கோழிச் சத்தத்தையும் வெட்டாதீங்க. இரைச்சல் நீக்கும் பட்டனையும் தொடாதீங்க, அது அம்மா குரலையும் சேர்த்துத் தேய்த்துவிடும். ஒரு பிரதியைப் போனிலும் ஒன்றைப் பென்டிரைவிலும் வையுங்கள். எங்காவது சிக்கினால் இங்கேயே எழுதுங்கள், இரவு ஒன்பது மணிக்கு மேல் நான் இருப்பேன்.